பின்கொக்கி இல்லாத பெட்டி

வெல்காவின் இடது கண்ணில்
பிப்ரவரியில் ஒரு மரம் முளைத்தது.

ரீகா நகர மருத்துவமனை, மூன்றாம் மாடி.
ஆரஞ்சுச் சாயத் தாளை இமைக்குள் ஒற்றி
நீல விளக்கைச் சாய்த்தார் மருத்துவர் கல்வானே.
கருவிழிமேல் பச்சையாய் எரிந்தது
இலையுதிர்ந்த பிர்ச் கிளை ஒன்று,
நுனிக்கு நுனி ஒரு மொட்டு.
"அழகாகத்தான் இருக்கிறது" என்றவர்
உடனே "மன்னியுங்கள்" என்றார்.
பிறகு பஞ்சு இழையால் விழியைத் தொட வந்தார்.
வெல்கா காத்திருந்தாள்.
"தொடுங்கள், பரவாயில்லை."
"தொட்டாயிற்று."

இருபத்திரண்டு வருடம் டிராம் ஓட்டியவள்.
ஒரு கண் ஆறும்வரை ஓட்டக்கூடாதென்று
பணிமனைக்கு மாற்றினார்கள். இரவு வேலை.
பெட்டியோடு பெட்டி கோக்க வேண்டும்.
சட்டைப் பையில் களிம்புக் குழாய்,
நாளுக்கு ஐந்து முறை,
கையுறை கழற்றி, கை கழுவி,
கண்ணாடியில்லாமல் குருட்டாம்போக்கில்.

"கொல்லுமா இது?" என்று கேட்டிருந்தாள்.
"கொல்லாது. நிறுத்தும்."

வைரஸுக்குத் தெரிந்தது ஒரே வேலை:
தன்னையே பிரதியெடுப்பது.
நான்கே எழுத்தில் ஒரு நெடுங்கதை,
எழுத்தின் வாலில் எழுத்தாகக் கோத்துக்கொண்டே போகும்,
அடுத்தவர் வீட்டில், அடுத்தவர் அரிசியில்.
மருந்து அந்த நான்கில் ஒன்றின் வேடத்தில் வரும்.
அதே சட்டை. அதே நடை.
நல்ல செல்லுக்குள் வந்தால் சீந்துவாரில்லை.
வரிசையில் சேர மூன்று முத்திரை வேண்டும்.
முதல் முத்திரை குத்த
வைரஸ் தன் மூட்டையில் கட்டிவந்த கருவிதான் வேண்டும்,
செல்லின் கருவிக்கு இந்த முகம் பிடிபடாது.
ஆவல் தாங்காமல் அதுவே எடுத்து
அதுவே ஓங்கிக் குத்துகிறது.
சொந்தக் காசில் சூனியம்.
மிச்ச இரண்டையும் செல்லே போட்டுவிடும்,
அலுவலகப் பழக்கத்தில், நிமிர்ந்து பாராமல்.

(சில வைரஸ்கள் முத்திரையைத் தொலைத்துவிடும்.
அவற்றிடம் இந்த வேடம் பலிக்காது.
அது வேறு வார்டு, வேறு மருந்து.)

மைனஸ் பதினொன்று. விடியற்காலை இரண்டு மணி.
பழுதுபார்த்து வந்த பெட்டியை
குந்தார்ஸ் இழுத்துவந்து கோத்துவிட்டான்.
அடுத்ததைத் தள்ளினார்கள். இடித்தது. நின்றது.
மறுபடி தள்ளினார்கள்.
வெல்கா குனிந்து டார்ச் அடித்தாள்.
முன்னால் கொக்கி உண்டு.
பின்னால் வெறும் தகரம்.
தடத்தில் மூன்று பெட்டிகள் காத்துக் கிடக்க
குந்தார்ஸ் யாரையோ திட்டிக்கொண்டிருக்க
இவள் மட்டும் சிரித்தாள்,
சிரித்ததில் களிம்பு கன்னத்தில் வழிந்தது.
ஒரு கை. ஒரே ஒரு கை இல்லை.
அதற்குமேல் கதை எழுத முடியாது.

மூன்றாவது வாரம் நீல விளக்கில் மரம் இல்லை.
மரம் நின்ற இடத்தில்
ஊதிய கண்ணாடியளவு மங்கல்.
"போய்விட்டதா?"
கல்வானே தன் காதுக்கு முன்னால் விரல் வைத்துக் காட்டினார்.
"உள்ளே, எலும்புக்குப் பின்னால், ஒரு நரம்பு முடிச்சு.
அங்கே தூங்குகிறது."

எந்த வயதில், யார் தந்த முத்தத்தில் ஏறியதோ,
டிக்கெட் எடுக்காத பயணி.
நரம்பு ஒற்றைத் தடம்.
காய்ச்சலோ, துக்கமோ, பனிமேல் அடிக்கும் வெயிலோ
எழுப்பினால் அதே தடத்தில் திரும்பி வரும்.
தூங்குகிறவன் எதையும் கோப்பதில்லை.
கோக்காதவனை
கொக்கியில்லாத பெட்டி என்ன செய்துவிடும்?

மே மாதம் அனுமதி திரும்பக் கிடைத்தது.
காலையொரு மாத்திரை, இரவொரு மாத்திரை,
தௌகவா ஆற்றுப் பாலத்தில் கறுப்புக் கண்ணாடி.
கடைசி வண்டி, கடைசி வளைவு.
சக்கரம் கிறீச்சிடும் இடம் அது.
வேகத்தைக் குறைத்தாள், இன்னும் குறைத்தாள்.
பின்னாலிருந்து ஒருவர் வந்து தட்டினார்:
"ஏனம்மா இப்படி ஊர்கிறது?"
"தூங்குகிறார்கள்" என்றாள் வெல்கா.
அவர் திரும்பிப் பார்த்தார்.
இருக்கைகள் எல்லாம் காலி.